அரையாண்டுக்குப் பின் பெற்றோருக்கு: ஏழாம் வகுப்பு நாட்காட்டிகள் பற்றி

அன்புள்ள பெற்றோருக்கு வணக்கம்.

அரையாண்டுத் தேர்வு நல்லபடியாக முடிந்தது. விடைத்தாள்களைப் பிள்ளைகளிடம் கொடுத்துவிட்டோம்; பார்த்துக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். விளையாட்டு விழா சிறப்பாக நடந்தது. கோ-கோ அணி நன்றாக ஆடியது. குடிநீர்த் தொட்டியைச் சுத்தம் செய்து தந்த பெற்றோர் ஆசிரியர் கழகத்துக்கு நன்றி. பத்தாம் வகுப்பின் மாலை வகுப்புகள் பொங்கல் விடுமுறைக்குப் பிறகு தொடரும்.

அப்புறம், ஏழாம் வகுப்பின் நாட்காட்டிகளைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். மற்ற வகுப்புப் பெற்றோரும் படியுங்கள். உங்கள் வீட்டுக்கும் ஒருநாள் இந்த வேலை வரும்.

கணக்கு ஆசிரியரும் சமூக அறிவியல் ஆசிரியரும் சேர்ந்து கொடுத்தது இது. கற்பனையாக ஓர் உலகம். அங்கே ஓர் ஆண்டுக்கு 400 நாள். 27 நாளுக்கு ஒருமுறை பௌர்ணமி. அந்த ஊர்க்காரர்களுக்கு நாட்காட்டி செய்ய வேண்டும்: எத்தனை மாதம், வாரத்துக்கு எத்தனை நாள், என்ன பெயர், திருவிழா எப்போது, ஏன். வேண்டுமென்றால் இன்னொரு நிலாவையும் சேர்த்துக்கொள்ளலாம். இவ்வளவுதான்.

"இல்லாத ஊருக்குக் காலண்டர் எதுக்கு டீச்சர்?" என்று ஒருவர் போனில் கேட்டார். நியாயமான கேள்வி. 400-ஐ 27-ஆல் வகுத்தால் 14 மாதம் போக 22 நாள் மிஞ்சுகிறது. அந்த 22 நாளை எங்கே வைப்பது என்று பிள்ளை யோசிக்கும் இடத்தில்தான் பாடமே இருக்கிறது. நம் பூமியிலும் இதே தொல்லைதான். பன்னிரண்டு பௌர்ணமி ஏறக்குறைய 354 நாளில் முடிந்துவிடும். ஆண்டு முடிய இன்னும் 11 நாள் பாக்கி இருக்கும். நிலாவை மட்டும் பார்க்கும் இஸ்லாமிய நாட்காட்டி அதை அப்படியே விட்டுவிடுவதால்தான் ரம்ஜான் ஒவ்வோர் ஆண்டும் ஏறக்குறைய 11 நாள் முன்னால் வருகிறது. தமிழ் மாதம் சூரியனைப் பிடித்துக்கொண்டு போகிறது. ஆனி 32 நாள் வரை நீள்வதும் மார்கழி 29, 30 நாளில் முடிவதும் ஏன் என்று ஒரு மாணவி வகுப்பில் கேட்டாள். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனை விட்டுத் தள்ளி மெதுவாகப் போகிறது, ஜனவரித் தொடக்கத்தில் கிட்டே வந்து வேகமாகப் போகிறது என்று பதில் சொல்லி முடிப்பதற்குள் மணி அடித்துவிட்டது. ஒருவரும் எழுந்திருக்கவில்லை.

ஆனால் வந்து சேர்ந்த நாட்காட்டிகளில் பாதிக்கு மேல் பிள்ளைகள் செய்தவை இல்லை. வண்ண அச்சு, லேமினேஷன், தங்கநிற ஓரம். நான்கு பேருடையதில் மாதப் பெயர்கள் வரிசைகூட மாறாமல் ஒன்றாகவே இருந்தன. சில செராக்ஸ் கடையில் செய்தவை, சில செல்போனில் கேட்டு வாங்கியவை. "மிச்ச நாள் எங்கே போச்சு?" என்று ஆசிரியர் கேட்டதற்கு ஒரு பையன், "அப்பாகிட்ட கேட்டுட்டு வரேன் மிஸ்" என்றான்.

இன்னொரு நோட்டைப் பற்றியும் சொல்கிறேன். அதை எழுதிய மாணவனின் அப்பாவிடம் பேசி, அவர் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். பென்சிலில் எழுதிய பக்கம். "இந்த 22 நாள் எந்த மாதமும் இல்லை. இந்த நாளில் யாரும் கடனைத் திருப்பிக் கேட்கக் கூடாது." அதன் மேல் அப்பா சிவப்பு மையில் போட்ட குறுக்குக் கோடு. பக்கத்தில், "வருஷத்துக்கு 365 நாள். ஒழுங்கா எழுது." பையன் அழித்து அழித்துத் தாள் மெலிந்து ஓட்டை விழும் நிலைக்கு வந்திருந்தது. வெளிச்சத்தில் பிடித்துத்தான் அந்த வரியை நான் படித்தேன்.

அவன் எழுதியதில் தப்பே இல்லை. பழைய எகிப்தில் மாதத்துக்கு 30 நாள் வீதம் பன்னிரண்டு மாதம். மிஞ்சிய 5 நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல், தெய்வங்களின் பிறந்தநாள் என்று தனியாக வைத்தார்கள். 1793-இல் பிரெஞ்சுக்காரர்களும் புது நாட்காட்டி செய்து, மிஞ்சிய நாள்களை அதேபோலக் கடைசியில் வைத்தார்கள். கூடவே வாரத்தைப் பத்து நாளாக்கினார்கள். உழைக்கிற மக்களுக்கு அது பிடிக்கவில்லை. 1806 பிறந்தபோது பழைய நாட்காட்டிக்கே திரும்பிவிட்டார்கள். நம் வகுப்பிலும் பத்து நாள் வாரம் வைத்தவளிடம் மற்றவர்கள் கேட்ட முதல் கேள்வி, "அப்போ லீவு எப்போ?" இப்படி ஒரு கேள்வி கடையில் அச்சடித்த தாளில் இருந்து வராது.

எனவே கண்டிப்பாகச் சொல்கிறேன். இனி பிள்ளையின் சொந்தக் கையெழுத்தில் இல்லாத செயல்திட்டத்தை வாங்க மாட்டோம், திருப்பி அனுப்புவோம். அதற்கு மதிப்பெண்ணும் கிடையாது. மாதிரி கேட்டு இரவில் ஆசிரியர்களை அழைக்காதீர்கள். பிள்ளையின் நோட்டில் சிவப்பு மையால் எழுதவும் வேண்டாம். அது ஆசிரியரின் வேலை. அவர்களும் யோசித்துத்தான் எழுதுவார்கள்.

இதையெல்லாம் நீங்கள் எதற்காகச் செய்கிறீர்கள் என்பது எங்களுக்குத் தெரியாமல் இல்லை. வேலை முடிந்து வந்து, சாப்பிட்டும் சாப்பிடாமலும் உட்கார்ந்து வெட்டி ஒட்டியிருக்கிறீர்கள். தன் பிள்ளை மட்டும் வகுப்பில் குறைந்துபோய் நிற்கக் கூடாது என்ற பதைப்புதான். எங்கள் பக்கமும் தவறு உண்டு. மூன்றே நாள் அவகாசம் கொடுத்தோம், அழகானதைச் சுவரில் மாட்டுவோம் என்றும் சொன்னோம். இனி இந்த வேலைகள் பள்ளி நேரத்திலேயே நடக்கும். சார்ட்டும் கலர் பென்சிலும் பள்ளியே தரும்.

கூப்பிட்டுப் பேசியபோது கோபப்படாமல் கேட்டுக்கொண்ட எல்லோருக்கும் நன்றி. ஒரு மாணவி 27 நாளை மாற்றி இரண்டு நிலா வைத்திருந்தாள், ஒன்றுக்கு 20 நாள், மற்றதற்கு 28 நாள். 140 நாளுக்கு ஒருமுறை இரண்டும் சேர்ந்து பௌர்ணமி, அன்று திருவிழா. மீச்சிறு பொது மடங்கு என்று தெரியாமலே விரல்விட்டு எண்ணிக் கண்டுபிடித்திருக்கிறாள். நீங்கள் உதவினீர்களா என்று அவள் அம்மாவிடம் கேட்டேன். "இல்லைங்க, அவ எழுதுறப்ப பக்கத்துல உக்காந்து பூ கட்டிட்டிருந்தேன்" என்றார். அவருக்குத் தனியாக நன்றி.

திருப்பிக் கொடுத்த நாட்காட்டிகளைப் பிள்ளைகள் இப்போது வகுப்பிலேயே மறுபடி செய்துகொண்டிருக்கிறார்கள். பொங்கல் விடுமுறை முடிந்து வரும் முதல் சனிக்கிழமை காலை பத்து மணிக்கு எல்லாவற்றையும் ஏழாம் வகுப்பு அறையில் மாட்டி வைப்போம். கோணல்மாணலாக இருப்பதையும் சேர்த்துத்தான். அவசியம் வாருங்கள். அந்த 22 நாள் இந்தத் தடவை பேனாவில் எழுதியிருக்கிறது.

அனைவருக்கும் பொங்கல் வாழ்த்துகள்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்