மகளுக்கு, சிறுபோகக் கூட்டத்துக்கு முதல்

அன்புள்ள பிள்ளைக்கு,

அப்பா எழுதுறன். மூண்டு கிழமையாய் நீ போன் எடுக்கேல்லை. வேலை கூடவாக்கும் எண்டு அம்மாவுக்குச் சொல்லி வைச்சிருக்கிறன். உங்கட கந்தோரில ஆக்களைக் குறைக்கப் போகினமாம், அதை முடிவெடுக்கிற கூட்டத்தில நீயும் இருக்கிறியாம் எண்டு சின்னம்மா சொன்னா. அதைப்பற்றி நான் ஒண்டும் கேக்கேல்லை. நேரத்துக்குச் சாப்பிடு.

இஞ்ச வாற வியாழன் சிறுபோகக் கூட்டம், கோடை நெல்லுக்குக் குளத்துத் தண்ணியைப் பங்கிடுற கூட்டம். நீர்ப்பாசனப் பொறியியலாளர், கமநல சேவை, வங்கிக்காரர் எல்லாரும் வருவினம். எத்தனை ஏக்கர் விதைக்கிறது, எத்தனை மாத நெல்லு, தண்ணி விடுற மதகு, எங்கட துருசு, எண்டைக்குத் திறந்து எண்டைக்குப் பூட்டுறது, மாட்டை எப்ப வெளியேத்துறது எண்டெல்லாம் ஒரே நாளில முடிக்கவேணும். சித்திரை மழை எப்பிடி எண்டு ஒருத்தருக்கும் தெரியாது. தெரியிற வரைக்கும் காத்திருந்தால் போகம் போயிடும்.

கணக்கு பெரிசில்லை. ஒரு ஏக்கரில ஒரு அடி உயரத்துக்கு நிக்கிற தண்ணிதான் ஒரு ஏக்கர் அடி. குளத்தில 4000 ஏக்கர் அடி தண்ணி நிக்குது எண்டு வை. துருசுக்குக் கீழ கிடக்கிறதும், மாட்டுக்கும் மீனுக்கும் விடுறதுமாய் 500. வெயிலும் சோழகக் காத்தும் குடிக்கிறது 700. மிச்சம் 2800. வாய்க்காலில ஊறிப் போறதையும் சேர்த்து ஏக்கருக்கு நாலரை ஏக்கர் அடி போட்டால் 620 ஏக்கர் வரும். கூட்டத்தில 800க்குக் கை தூக்குவினம். 800க்கு 3600 வேணும். குறையிற 800 ஏக்கர் அடிக்கு எங்க போறது எண்டு கேட்டால், "மழை பெய்யும்தானே" எண்டுவினம்.

"மழை வந்தால் பாப்பம்" எண்டதை முடிவு எண்டு நினைச்சுப் போடாதை, பிள்ளை. விதைச்ச நெல்லைத் திருப்பிச் சாக்கில கட்டேலாது. கதிர் வெளியில வர முதல், குடலைப் பருவத்தில பத்து நாள் தண்ணி தவறினால் கதிர் மணியில்லாத சப்பி. அதாலை கையில இருக்கிற தண்ணிக்கு 620 எண்டு இப்பவே முடிக்கிறது. மிச்சத்துக்கு ஒரு திகதி, ஒரு அளவு, ஒரு ஆள். ஏப்ரல் 30ஆம் திகதி அளவுகோலில இத்தனை அடிக்கு மேல நிண்டால் இன்னும் 100 ஏக்கருக்குப் பயறும் கௌபியும், நெல்லில்லை. அளவு பாக்கிறது இன்னார், அறிவிக்கிறது இன்னார். இதைக் கூட்ட அறிக்கைப் புத்தகத்தில எழுதவேணும். எழுதாவிட்டால் மே மாதம் ஒவ்வொருத்தருக்கும் ஒவ்வொரு ஞாபகம். நீயும் எழுதி வை. வாயால சொன்னதை நம்பாதை.

இன்னொண்டு. ஆர் முதல்ல கதைக்கினம் எண்டதைக் கவனி. குளத்துக்குக் கிட்ட இருக்கிற தலைவாய்க்கால்காரர் முதல்ல 800 எண்டு சொன்னால், பின்னால வாறவை 780 எண்டோ 820 எண்டோதான் சொல்லுவினம். 500 எண்டு சொல்ல வாய் வராது. கதை தொடங்க முதலே ஒவ்வொரு வாய்க்கால் பிரதிநிதியிட்டையும் ஒரு துண்டுக் கடுதாசி குடுத்து ஏக்கரை எழுதி வாங்கவேணும். துண்டுகளில 500உம் 900உம் இருந்தால் கூட்டிப் பிரிச்சு 700 எண்டு எடுக்கிறேல்லை. 500 எழுதினவனை ஏன் எண்டு கேக்கிறது. அவனுக்குத்தான் வாய்க்கால் எங்க உடைஞ்சிருக்கு எண்டு தெரியும். தண்ணி கடைசியாய்ப் போய்ச் சேருற கடைவாய்க்கால்காரனை முதல்ல கதைக்க விடு. உங்கட கந்தோரிலயும் கடைவாய்க்கால் எண்டு ஒண்டு இருக்கும்.

மழை எவ்வளவு எண்டது தெரியாத விசயம். அதைப் பொறுத்திருந்து அளக்கலாம். தண்ணி ஆருக்கு எண்டது அளந்து தீராது. கிளிநொச்சி இரணைமடுக் குளத்தைப் பார். நிறைஞ்சால் 36 அடி, கீழ 21,000 ஏக்கர் வரையில வயல். யாழ்ப்பாணத்துக்குக் குடிதண்ணி குடுக்கிற கதை வந்தநேரம், ஒரு பகுதி மிச்சத் தண்ணி எண்டு சொன்னதை மற்றப் பகுதி எங்கட சிறுபோகம் எண்டு சொன்னது. ரெண்டு பேரும் பாத்தது ஒரே அளவுகோலைத்தான். இன்னும் பத்துத்தரம் அளந்திருந்தாலும் அது தீர்ந்திராது. பிறகு தாளையடியில கடல்தண்ணியைக் குடிதண்ணியாக்கிற நிலையம் கட்டி 2024இல திறந்தினம். செலவு கூடின வழிதான். ஆனால் அதோட குடிதண்ணி வேற, வயல்தண்ணி வேற எண்டு கேள்வி ரெண்டாய்ப் பிரிஞ்சுது.

நீங்கள் உங்கட கந்தோர்க் கூட்டத்தில என்ன கேள்வியை வைச்சுக் கதைக்கிறியள்? செலவைக் குறைக்கிறதோ, ஆளைக் குறைக்கிறதோ? ரெண்டும் ஒண்டில்லை. கேக்கமாட்டன் எண்டு சொல்லிப்போட்டுக் கேக்கிறன். கணக்கில நீ என்னை விடக் கெட்டிக்காரி. ஆனால் பெரியாக்கள் இருக்கிற இடத்தில நீ வாய் திறக்கமாட்டாய். அது ஆற்ற குணம் எண்டு அம்மா சொல்லுவா.

என்ர குணம்தான். நீ ஏ.எல். படிச்ச வருசம் 800 ஏக்கர் எண்டு அறிக்கை எழுதினது நான். அண்டு காலமை அளவுகோலைப் போய்ப் பாத்ததும் நான்தான். காணாது எண்டு தெரியும். எனக்குத் தெரிஞ்சது மற்றவைக்கும் தெரியும்தானே, அவை பேசாமல் இருக்கினம், நானேன் கெட்டபேர் எடுப்பான் எண்டு இருந்திட்டன். மற்றவையும் அப்பிடித்தான் நினைச்சவை எண்டு பிறகு தெரிஞ்சுது. ஆடியில கடைவாய்க்கால் காஞ்சுது. மடத்தடி மாமா மூண்டு ஏக்கரையும் மாட்டுக்கு விட்டவர். அவர் ஏன் எங்கட வீட்டுக்கு வாறேல்லை எண்டு நீ கேட்டாய். வேலிச் சண்டை எண்டு சொன்னன். வேலிச் சண்டை ஒண்டும் இல்லை.

நேற்று அவரிட்டைப் போனன். வியாழன் முதல்ல நீங்கள் கதையுங்கோ எண்டு கேட்டன். ஒண்டும் சொல்லேல்லை, தேத்தண்ணி தந்தவர்.

ஞாயிறு எங்களுக்கு இரவு எட்டு மணிக்கு எடு. அம்மா பக்கத்தில இருக்கமாட்டா.

அப்பா