வைப்ரேட்டரின் வலு மோட்டாரில் இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

வீட்டுத் தூண்களுக்குக் காங்கிரீட் இடுவது குறித்துத் தங்கள் நாளிதழில் அண்மையில் வெளியான கட்டுரையில், ஈரக் காங்கிரீட்டை அதிரவைத்து அதில் சிக்கிய காற்றை வெளியேற்றும் வைப்ரேட்டரை வாடகைக்கு எடுப்போர் குதிரைத்திறன் கூடிய மோட்டாராகப் பார்த்து எடுக்க வேண்டும் என்று கூறப்பட்டிருந்தது. காங்கிரீட்டை அதிரச் செய்வது குதிரைத்திறன் அன்று, காங்கிரீட்டுக்குள் இறக்கும் இரும்புக் குழாயான நீடிலுக்குள் மையம் விலகிச் சுற்றும் எடையே. பார்க்க வேண்டிய இடத்தை விட்டுவிட்டு வேறெங்கோ பார்க்க வைக்கும் அறிவுரை அது என்பதால், இத்தகைய கருவிகளைப் பழுதுபார்ப்பதைத் தொழிலாகக் கொண்டவன் என்ற முறையில் இதை எழுதுகிறேன்.

சுழலும் பொருளின் எடை அச்சைச் சுற்றிச் சமமாகப் பரவியிருந்தால் அது அலுங்காமல் சுழலும். ஒரு பக்கம் எடை கூடினால் அப்பக்கம் அச்சை வெளிநோக்கி இழுக்கும். அந்த இழுப்பின் திசை ஒவ்வொரு சுற்றிலும் சுற்றி வருவதால் அது அதிர்வாக வெளிப்படுகிறது. கார் சக்கரத்தின் விளிம்பில் ஈயத் துண்டுகளைப் பொருத்தி நாம் ஒழிக்கப் பார்ப்பதும் இதே அதிர்வைத்தான். வைப்ரேட்டரில் அதை வேண்டுமென்றே உண்டாக்குகிறோம். எடையையோ அது மையத்திலிருந்து விலகிய தொலைவையோ இரு மடங்காக்கினால் இழுப்பும் இரு மடங்காகும். வேகத்தை இரு மடங்காக்கினாலோ இழுப்பு நான்கு மடங்காகும். பெட்ரோல் மிச்சமாகட்டும் என்று எஞ்சினின் வேகத்தை 20 விழுக்காடு குறைத்து ஓட்டுபவர், தமக்குத் தெரியாமலே அதிர்வு விசையில் 36 விழுக்காட்டை இழக்கிறார்.

நம் பணியிடங்களில் பெரிதும் புழங்கும் வைப்ரேட்டரில், மின் மோட்டார் நிமிடத்துக்குச் சுமார் 2,800 சுற்றுதான் சுற்றுகிறது; நீடிலோ 10,000 தடவைக்கு மேல் அதிர்கிறது. இடையில் பல்சக்கரம் எதுவும் கிடையாது. நீடிலின் இரும்புக் குழாய்க்குள், மேலே சொன்ன எடையாக, ஓர் உருளை ஒரு முனையில் மட்டும் தொங்கியபடி இருக்கிறது. அது தன்னைத்தானே சுற்றிக்கொண்டே குழாயின் உட்சுவரை ஒட்டி உருண்டோடுகிறது. உட்சுவரின் விட்டம் 20 மி.மீ., உருளையின் விட்டம் 16 மி.மீ. என்றால், உருளை ஒரு முறை சுழல்வதற்குள் சுவரை நான்கு முறை வலம் வந்துவிடும். அதிர்வின் எண்ணிக்கை அவ்வாறு பெருகுகிறது. இணைத்து ஓடவிட்டும் நீடில் அதிராமல் இருப்பதும், மேஸ்திரி அதைப் பலகையில் ஒரு தட்டுத் தட்டியதும் உறுமத் தொடங்குவதும் பலர் கண்டதே. உருளை சுவரைத் தொடாமல் நடுவில் நேராகச் சுழன்றுகொண்டிருந்திருக்கும்; அந்தத் தட்டு அதைச் சுவரில் சாய்க்கிறது. கருவியில் கோளாறு என்று அதைத் திருப்பி அனுப்புவோரும் உண்டு!

உண்மையான கோளாறுகள் வேறு. உருளை சுவரைப் பற்றி உருளவேண்டுமே தவிர வழுக்கக் கூடாது. மோட்டாரின் சுழற்சியை நீடிலுக்குக் கொண்டுசெல்லும் வயருக்கு இடும் கிரீஸ், சீல் தேய்ந்து நீடிலுக்குள் இறங்கிவிட்டால், மோட்டார் எத்தனை குதிரைத்திறன் உடையதாக இருந்தாலும் பயனில்லை. உருளையும் உட்சுவரும் தேயத் தேய இடைவெளி அகன்று, அதிர்வின் எண்ணிக்கையும் குறைந்துகொண்டே வரும். காதுக்கு அது எளிதில் தெரியாது. அதிர்வின் எண்ணிக்கையைக் காட்டும் ரீட் டேக்கோமீட்டரை நீடிலின் மேல் வைத்தால் சில நொடிகளில் தெரிந்துவிடும். ஆனால் வாடகைக் கடைகளில் அதைக் காண்பது அரிது.

இது வெறும் கருவிக் கணக்கு அன்று. காங்கிரீட்டில் 5 விழுக்காடு காற்றிடம் தங்கிவிட்டால் அதன் வலிமை சுமார் 30 விழுக்காடு குறையும் என்பது கட்டடப் பொறியியலில் நெடுங்காலமாக ஏற்கப்பட்ட அளவு. பலகையைப் பிரித்த பிறகு தூணின் அடியில் ஜல்லி பல்லிளிக்க, அதன் மேல் சிமெண்டுக் கலவையைப் பூசி மறைக்கும் வழக்கத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை.

கட்டுரையுடன் வெளியான படத்தில் ஒருவர் நீடிலைப் படுக்கவைத்துக் காங்கிரீட்டை ஓரத்துக்குத் தள்ளுகிறார். அப்படித் தள்ளினால் சாந்து முன்னே ஓடிவிடும், ஜல்லி பின்தங்கிவிடும். நீடிலைச் செங்குத்தாக இறக்கி, குமிழிகள் வருவது நின்றதும், அது விட்டுச்செல்லும் குழி மூடிக்கொள்ளும்படி மெதுவாக மேலே எடுக்க வேண்டும். அந்தப் படத்துக்கும் ஒரு திருத்தம் வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கட்டுமானக் கருவி பழுதுபார்ப்பவர்,
ஈரோடு.