ரன்னிமீடில் இடம்பெறாத குடியானவர்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

மாக்னா கார்ட்டா என்னும் உரிமைச் சாசனத்தைப் பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையை விரும்பிப் படித்தேன். 1215 ஜூன் 15 அன்று ரன்னிமீட் புல்வெளியில் இங்கிலாந்தின் ஜான் மன்னர் பிரபுக்களுக்குப் பணிந்து அதை ஏற்றதும், பத்தே வாரத்தில் போப் மூன்றாம் இன்னொசென்ட் அந்த சாசனம் செல்லாது என்று அறிவித்ததும் விறுவிறுப்பாகச் சொல்லப்பட்டிருந்தன. ஆனால் அன்று முதல் ஆங்கிலேயர் எல்லோரும் சட்டத்தின் பாதுகாப்புக்குள் வந்துவிட்டார்கள் என்று கட்டுரை முடிகிறதே, அதை என்னால் ஏற்க முடியவில்லை.

சட்டப்படி தீர்ப்பு இல்லாமல் சிறைபிடிக்கக் கூடாது, உடைமையைப் பறிக்கக் கூடாது என்று சொல்கிற 39ஆவது பிரிவு சுதந்திரக் குடிகளை மட்டுமே காத்தது. அன்றைய இங்கிலாந்துக் கிராமங்களில் பெரும் பகுதியினர் அந்த வகையில் வரவில்லை. அவர்கள் பண்ணை நிலத்தோடு பிணைக்கப்பட்டவர்கள். வாரத்தில் சில நாள் பிரபுவின் வயலில் கூலியில்லாமல் உழைக்க வேண்டும். மகளுக்குக் கல்யாணம் செய்தால் பிரபுவுக்குப் பணம் கட்ட வேண்டும். குடும்பத் தலைவர் இறந்தால் தொழுவத்தில் இருப்பதிலேயே நல்ல மாட்டை ஓட்டிக்கொண்டு போய்விடுவார்கள். நிலத் தகராறில் பிரபுவை எதிர்த்து அரசரின் நீதிமன்றத்துக்குப் போனால், "இவன் என் பண்ணையாள்" என்று பிரபு நிரூபித்தாலே போதும், வழக்கு அங்கேயே முடிந்துவிடும்.

சாசனம் இவர்களை ஒரேயடியாக மறந்துவிட்டது என்றும் சொல்ல மாட்டேன். அபராதம் விதித்தாலும் பண்ணையாளின் உழவுச் சாதனங்களை விட்டுவைக்க வேண்டும் என்கிறது 20ஆவது பிரிவு. ஆனால் 1217இல் திரும்ப வெளியிட்டபோது அரசரின் சொந்தப் பண்ணையாட்களை அந்தச் சலுகையிலிருந்து விலக்கிவிட்டார்கள். அரசர் தங்களுக்குத் தந்த உரிமைகளைப் பிரபுக்களும் தங்கள் ஆட்களுக்குத் தர வேண்டும் என்று 60ஆவது பிரிவு சொல்கிறது. அரசர் மீறினால் தட்டிக்கேட்க 25 பிரபுக்கள் கொண்ட குழு உண்டு. பிரபு மீறினால் தட்டிக்கேட்க யாரும் இல்லை.

1215ஐப் பற்றி எழுதும்போது, அதே ஆண்டு ரோமில் நடந்த நான்காம் லாத்தரன் திருச்சபைக் கூட்டத்தையும் சொல்லியிருக்க வேண்டும். அதுவரை இங்கிலாந்தில், கடவுளே தீர்ப்புச் சொல்வார் என்று நம்பி, குற்றம் சாட்டப்பட்டவரைப் பழுக்கக் காய்ச்சிய இரும்பை ஏந்தச் சொல்வார்கள், அல்லது கட்டி நீரில் இறக்குவார்கள். இந்தச் சோதனைகளில் பாதிரியார்கள் பங்கேற்கக் கூடாது என்று அந்தக் கூட்டம் தடை செய்தது. பாதிரியார் இல்லாமல் சோதனை இல்லை. 1219இல் அரசரின் நீதிபதிகள் அதைக் கைவிட, அந்த இடத்துக்கு மெல்ல ஜூரி விசாரணை வந்தது. குற்றவாளிக் கூண்டில் நின்ற ஏழைக்கு ரன்னிமீடைவிட இதுதான் பெரிய மாற்றம்.

சாதாரண ஜனங்கள் அன்றாடம் சட்டத்தைச் சந்தித்த இடம் பண்ணை நீதிமன்றம். பல ஊர்களில் மூன்று வாரத்துக்கு ஒருமுறை அது கூடும். நடத்துபவர் பிரபுவின் காரியஸ்தர்தான். ஆனாலும் ஊர் வழக்கம் இன்னது என்று சொல்கிறவர்கள் ஊர்க்காரர்களே. வேலி தாண்டி மேய்ந்த மாடு, திரும்பி வராத கடன், தகப்பன் நிலத்துக்கு அடுத்த வாரிசு என எல்லாம் அங்கே தோல்சுருளில் பதிவாகும். அளவிலும் விலையிலும் விதி மீறி ஏல் பீர் விற்றதாகப் பெண்களுக்கு அபராதம் விதித்த பதிவுகள் ஏராளம். ஒரே பெண்ணின் பெயர் திரும்பத் திரும்ப வருவதைப் பார்த்தால், அந்த அபராதம் நடைமுறையில் உரிமக் கட்டணமாகவே ஆகிவிட்டது தெரிகிறது. இந்தச் சுருள்கள் ஆயிரக்கணக்கில் இன்றும் இருக்கின்றன. கட்டுரையாளர் இவற்றை ஒரு வரியில்கூடத் தொடவில்லை என்பதுதான் என் பெரிய வருத்தம்.

எழுதப் படிக்கத் தெரியாத ஜனங்கள்தானே, அவர்களுக்குச் சட்டம் என்ன தெரியும் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். 1377இல் தென் இங்கிலாந்தில் பல கிராமங்கள் சேர்ந்து செய்ததைப் பாருங்கள். ஒரு காலத்தில் அரசருக்கே சொந்தமாக இருந்த பண்ணைகளின் குடிகளுக்குச் சில தனிச் சலுகைகள் உண்டு. தங்கள் ஊரும் அப்படிப்பட்டது என்று நிரூபிக்க அந்தக் கிராமத்தார் பணம் திரட்டி, 1086இல் எழுதப்பட்ட டூம்ஸ்டே என்னும் நிலக் கணக்கெடுப்புப் பதிவேட்டிலிருந்து நகல் வாங்கினார்கள். கிட்டத்தட்ட முந்நூறு ஆண்டுப் பழைய ஆவணம்! அதைக் கையில் வைத்துக்கொண்டு, பண்ணை வேலைக்கு வர மாட்டோம் என்று நின்றார்கள். நிலவுடைமையாளர்கள் அலறியடித்து நாடாளுமன்றத்தில் முறையிட்டார்கள். நகல் செல்லுபடியாகவில்லை. ஆனாலும் அந்தத் துணிச்சலை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் சிலிர்க்கிறது.

இவர்களுக்கு அந்தத் தைரியம் வரக் காரணம் இருந்தது. 1348இல் வந்த பிளேக் மூன்றில் ஒரு பங்குக்கும் மேலான மக்களைக் கொண்டுபோனது. உழைக்க ஆள் கிடைக்காமல் கூலி ஏறியது. உடனே சட்டம் யார் பக்கம் நின்றது? கொள்ளைநோய்க்கு முன்பிருந்த கூலிதான் வாங்க வேண்டும் என்று 1351இல் தொழிலாளர் சட்டம் போட்டார்கள். புல் அறுப்பவருக்கு நாளுக்கு 5 பென்ஸ், வைக்கோற்புல் உலர்த்துபவருக்கு 1 பென்னி என்று விகிதம் நிர்ணயித்தார்கள். மறுத்தவர்களைக் காலைப் பூட்டிவைக்கும் தொழுமரத்தில் மாட்டினார்கள். அப்புறம் பிரான்ஸ் போருக்காகத் தலைவரி, நாலு வருஷத்தில் மூன்று தடவை. மூன்றாவது தடவை தலைக்கு 12 பென்ஸ்.

1381 கோடையில் வெடித்த கிளர்ச்சியில் எசெக்ஸ், கென்ட் முதலிய பகுதி மக்கள் தேடித் தேடி எரித்தது பண்ணை நீதிமன்றச் சுருள்களை. தாங்கள் அடிமைப்பட்டவர்கள் என்பதற்கான சான்று எங்கே இருக்கிறது என்று அவர்களுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

செயின்ட் ஆல்பன்ஸ் ஊர்க்காரர்கள் இன்னொன்றும் செய்தார்கள். அங்கிருந்த கிறிஸ்தவத் துறவியர் மடத்து ஆலையில்தான் மாவரைக்க வேண்டும் என்பது விதி. கிளர்ச்சிக்கு ஏறக்குறைய ஐம்பது ஆண்டு முன்பே, வீடுகளில் இருந்த திருகைக் கற்களைப் பறித்து மடத்துக் கூடத்தின் தரையில் பதித்திருந்தார் மடாதிபதி. 1381இல் மக்கள் அந்தத் தரையைப் பெயர்த்து, கற்களை உடைத்து, தேவாலயத்தில் ஆசீர்வதித்த அப்பத்தைப் பகிர்வதுபோல ஆளுக்கொரு துண்டு பங்கிட்டுக்கொண்டார்கள். அங்கே முன்னின்ற வில்லியம் கிரிண்ட்கோப் தூக்கிலிடப்பட்டார். ஜூன் மாதம் லண்டனை அடுத்த மைல் எண்டில் கிளர்ச்சியாளர்களுக்கு மன்னர் இரண்டாம் ரிச்சர்ட் எழுதிக்கொடுத்த விடுதலைப் பத்திரங்களும் ஜூலைத் தொடக்கத்திலேயே ரத்தாகின.

பண்ணையடிமை முறையை ஒழித்த சட்டம் என்று இங்கிலாந்தில் எதுவுமே வரவில்லை. ஊரைவிட்டு ஓடியும், கடமையை மறுத்தும், பேரம் பேசியும் ஜனங்களே பதினைந்தாம் நூற்றாண்டில் அதைத் தேய்த்தார்கள். 1574இல்கூட அரச பண்ணைகளில் மிச்சமிருந்தவர்களைப் பணம் வாங்கிக்கொண்டு விடுவிக்க எலிசபெத் அரசி ஆணையிட வேண்டியிருந்தது.

மாக்னா கார்ட்டா பெரிய ஆவணம்தான், மறுக்கவில்லை. அதற்கு ஆறு பக்கம் ஒதுக்கிய தாங்கள், பண்ணை நீதிமன்றச் சுருள்களைப் பற்றியும் ஒரு விரிவான கட்டுரை வெளியிட வேண்டும் என்று உரிமையோடு கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
தங்கள் வாசகர்,
கும்பகோணம்