கரீபியன் படங்களுக்குத் தோள் கொடுத்தவர்களுக்கு

அன்புள்ள எல்லாருக்கும்,

கரீபியன் கடலில் பிரான்சுக்குச் சொந்தமான தீவான குவாதலூப் பற்றிய ஆவணப்படம் ஒருவழியாக முடிந்துவிட்டது. படத்தின் கடைசியில் உங்கள் பெயர்கள் வருகின்றன. ஆனால் அவை சில நொடிகளில் ஓடி மறைந்துவிடும் என்பதால் இந்த மடலையும் எழுதுகிறேன்.

டிரினிடாட்டின் தலைநகர் போர்ட் ஆஃப் ஸ்பெயினில் ஸ்டீல்பேன் என்ற இரும்பு மேளம் வாசிக்கும் குழுவினருக்கு முதல் நன்றி. எந்த நிறுவனத்தின் கடிதமும் இல்லாமல் கேமராவோடு வந்து நின்றவனைப் பனோரமா என்ற ஸ்டீல்பேன் போட்டிக்கு முந்தைய இரவுகளில் ஒத்திகை பார்க்க உள்ளே விட்டீர்கள். கரீபியனில் என் வேலை அங்கேதான் தொடங்கியது.

அப்புறம் குவாதலூப்பின் மேள இசையான குவோகாவின் கலைஞர்கள். பூலா மேளங்கள் தாளத்தைப் பிடித்துக்கொண்டிருக்க, மக்கே என்ற முன்னணி மேளத்தை வாசிப்பவர் ஆடுபவரின் காலடியைப் பார்த்தே அடிப்பார். "காலைக் கவனி" என்று எங்கள் ஒளிப்பதிவாளரிடம் சொன்னீர்களே, படத்தின் பாதி அழகு அதனால் வந்தது.

குவாதலூப்பின் கபெஸ்தெர் பெல் ஓ ஊர் மாரியம்மன் கோயில் பூசாரிகளுக்கும் குடும்பங்களுக்கும் என்ன சொல்லி நன்றி தெரிவிப்பேன்? 1848-இல் அடிமை முறை ஒழிந்தபின் கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. 1854 டிசம்பரில் இந்தியாவிலிருந்து முதல் கப்பல் முந்நூறுக்கும் மேற்பட்டோரோடு வந்து சேர்ந்தது. தொடர்ந்து வந்த கப்பல்களில் காரைக்காலிலும் பாண்டிச்சேரியிலும் ஏறிய தமிழர்கள் ஏராளம். அவர்கள் வழி வந்த நீங்கள் வீட்டில் பிரெஞ்சு கலந்த கிரியோல் மொழி பேசுகிறீர்கள், பூசையில் தமிழில் பாடுகிறீர்கள். அந்தப் பாட்டுகளைப் பதிவு செய்ய அனுமதித்தீர்கள். எதை எடுக்கக்கூடாது என்றும் தெளிவாகச் சொன்னீர்கள். நீங்கள் வேண்டாம் என்றவை படத்தில் இல்லை. அதனால் படத்துக்கு ஒரு குறையும் வரவில்லை. பூசை முடிந்ததும் எங்கள் குழுவையும் உட்காரவைத்து, வாழையிலையில் சோறும் கொலம்போ என்ற மசாலாக் குழம்பும் பரிமாறினீர்கள்.

இந்தியர்களின் பிள்ளைகளுக்குப் பிரெஞ்சுக் குடியுரிமையும் வாக்குரிமையும் கேட்டு ஹென்றி சிதம்பரம் 1904-இல் தொடங்கிய போராட்டம் 1923-இல்தான் வென்றது. அந்தப் பழைய தாள்களை முகம் சுளிக்காமல் எடுத்துக் கொடுத்த ஆவணக்காப்பக ஊழியர்களே, படத்தின் முதுகெலும்பு உங்கள் உழைப்பு.

தருவதாகச் சொன்ன பணம் கடைசி நேரத்தில் வரவில்லை. அப்போது வாடகை வாங்காமல் ஒலிப்பதிவுக் கருவிகளைத் தந்த நண்பரையும், சம்பளத்தைத் தள்ளிவைத்து வேலையை முடித்த படத்தொகுப்பாளரையும் மறக்கவே மாட்டேன். தனியாளாகப் படம் எடுப்பதாகப் பேச்சு. உண்மையில் இத்தனை பேர்.

முதல் திரையிடல் கபெஸ்தெரில்தான், கட்டணம் இல்லை. வெட்டாத பாட்டுப் பதிவுகளின் பிரதியை அந்தந்தக் குடும்பத்திடம் அன்றே கொடுத்துவிடுகிறேன். எல்லாரும் வாருங்கள்.

நன்றியுடன்,
படத்தின் இயக்குநர்