செயலாளரின் ஆண்டறிக்கை: பொதுக்குழுவின் பார்வைக்கு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும், வராமல் இதை வாட்ஸ்அப்பில் படிக்கப்போகும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

குடியரசு தினக் கொடியேற்றம் நடந்தது. ஆயுத பூஜை வழக்கம்போல் நடந்தது, சுண்டல் மிஞ்சியது. கண் பரிசோதனை முகாமுக்கு நல்ல கூட்டம். சுற்றுலா, போதிய பெயர்கள் சேராததால் கைவிடப்பட்டது. இந்த ஆண்டு நம்மை விட்டுப் பிரிந்த மூத்த உறுப்பினர்களின் வீடுகளுக்குச் சங்கத்தின் சார்பில் சென்று வந்தோம்.

அடுத்து, ஞாயிற்றுக்கிழமை உரைத் தொடர்: ரோல்ஸ் ராய்ஸின் மெர்லின் விமான இன்ஜினும், அதிலிருந்து பிறந்த மெட்டியர் டாங்கி இன்ஜினும். இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். ‘செயலாளர் தன் சொந்த ஆசைக்காக ஒரு வருஷத்து ஞாயிற்றுக்கிழமைகளை எடுத்துக்கொண்டார்’ என்று ஒரு பேச்சு ஓடுகிறது. ‘பிரிட்டிஷ்காரன் செய்த பழைய பெட்ரோல் இன்ஜினுக்கும் ஆவடிக்கும் என்ன சம்பந்தம்?’ என்று ஒருவர் மேடையிலேயே கேட்டார். கேட்டுவிட்டு டீ குடித்துப் போய்விட்டார். பதிலுக்கு நிற்கவில்லை. அந்தப் பதிலை இங்கே பதிவு செய்கிறேன்.

சம்பந்தம் இருக்கிறது. ஆவடி டாங்கி செய்யும் ஊர். 1965 பாகிஸ்தான் போரில், பில்லோராவில் நம் கவசப் படை ஓட்டியது செஞ்சூரியன் டாங்கிகள். தென்னிந்தியர்கள் சேர்ந்து பணியாற்றும் 16 கவல்ரி படைப்பிரிவும் அங்கே இருந்தது. 1971 போரில், பசந்தரில் இரண்டாம் லெப்டினன்ட் அருண் கேத்தர்பால் கடைசிவரை விட்டு இறங்காத ‘ஃபமகுஸ்தா’ என்ற டாங்கியும் செஞ்சூரியன்தான். அந்த டாங்கிகளின் பின்பக்கத் தட்டைத் திறந்தால் உள்ளே இருப்பது ரோல்ஸ் ராய்ஸ் மெட்டியர், 12 சிலிண்டர், 27 லிட்டர். ஸ்பிட்ஃபயர், ஹரிகேன், லங்காஸ்டர் விமானங்களைத் தூக்கிப் பறந்த மெர்லினின் அதே உடம்பு. ராணுவத்தில் ஸ்பானர் பிடித்த நம் உறுப்பினர்கள் சிலர் அதைத் தொட்டு வேலை பார்த்தவர்கள். அந்த இன்ஜின் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துகொள்ள நான்கு ஞாயிற்றுக்கிழமை செலவிட்டது குற்றமா?

முதல் உரை, மெர்லினுக்கு முந்தைய கதை. 1931இல் ஷ்னைடர் கோப்பை கடல் விமானப் பந்தயத்துக்குப் பணம் தர பிரிட்டிஷ் அரசு கையை விரித்துவிட்டது. லேடி ஹூஸ்டன் என்ற பணக்காரச் சீமாட்டி 1,00,000 பவுண்டு கொடுத்தார். அந்தப் பணத்தில் ரோல்ஸ் ராய்ஸின் ‘ஆர்’ இன்ஜின் 36.7 லிட்டரில் 2,300 குதிரைத்திறனைத் தொட்டது. கோப்பை பிரிட்டனுக்கே நிரந்தரமானது. அதே மாதம் அதே வகை சூப்பர்மரீன் விமானம் மணிக்கு 400 மைலைத் தாண்டியது. பென்சால், மெத்தனால், அசிட்டோன் என்று கலந்து கொடுத்த எரிபொருளில் சில மணி நேரம் தாங்கினால் போதும் என்று செய்யப்பட்ட இன்ஜின் அது. ஆனால் அதில் கற்ற பாடம் வீண் போகவில்லை. கம்பெனி தன் சொந்தச் செலவில் அடுத்ததாக ஒரு 27 லிட்டர் இன்ஜினை வரையத் தொடங்கியது. ஹென்றி ராய்ஸ் 1933 ஏப்ரலில் இறந்தார். இன்ஜின் அதே ஆண்டு அக்டோபரில் முதன்முதலாக ஓடியது. அதுதான் மெர்லின். அரசு பணம் தராத நேரத்தில் ஒரு தனிமனிதர் பையைத் திறந்ததால் என்னென்ன நடந்தது என்பதை உறுப்பினர்கள் மனத்தில் வைத்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன். சந்தா பற்றிப் பின்னால் வருகிறேன்.

இரண்டாம் உரைக்குத்தான் கூட்டம் அதிகம். இரண்டாம் உலகப் போரில் மெர்லின். போர் என்றால் நம் ஆட்கள் வந்துவிடுகிறார்கள். 27 லிட்டர் என்ற அளவு கடைசிவரை மாறவே இல்லை. ஆனால் சுமார் 1,000 குதிரைத்திறனில் சேவைக்கு வந்த மெர்லின், போர் முடிவதற்குள் அதைப்போல் இரண்டு மடங்கை எட்டிப் பிடித்தது. 1940இல் உயர்தரமான 100 ஆக்டேன் பெட்ரோல் வந்ததும், இன்ஜினுக்குள் காற்றை அமுக்கித் தள்ளும் சூப்பர்சார்ஜரின் அழுத்தத்தைக் கூட்ட முடிந்தது. அதிலேயே 1,300க்குப் போய்விட்டது. அடுத்தது ஸ்டான்லி ஹூக்கரின் வேலை. இன்ஜின் ஆள் இல்லை, கணக்கு ஆள். சூப்பர்சார்ஜரின் காற்றுப் பாதையைக் கணக்குப் போட்டுத் திருத்தினார். இரண்டு கட்டமாகக் காற்றை அமுக்கி, நடுவில் குளிர்வித்துக் கொடுக்கும் மெர்லின் 61 வந்தபோது, 1942இல் ஜெர்மானிய ஃபோக்கவுல்ஃப் 190க்கு ஸ்பிட்ஃபயரால் மறுபடியும் ஈடுகொடுக்க முடிந்தது.

பியாட்ரிஸ் ஷில்லிங் பற்றிச் சொன்னபோது அரங்கில் பேச்சு நின்றது. மெர்லினுக்குக் கார்புரேட்டர், எதிரியின் மெசர்ஷ்மிட்டுக்கு நேரடி எரிபொருள் பீய்ச்சல். மூக்கைச் சட்டென்று கீழே சாய்த்தால் மெர்லின் இருமும், எதிரி தப்பிவிடுவான். ஃபார்ன்பரோ ஆய்வு நிலையத்தில் இருந்த இந்த அம்மா, எரிபொருள் பாதையில் ஒரு சிறு துளையுள்ள தடுப்பை வைத்தார். இன்ஜினைக் கழற்றவே வேண்டாம். 1941இல் விமானத் தளம் தளமாகப் போய் மாட்டிவிட்டு வந்தார்கள். அவர் மோட்டார் சைக்கிள் பந்தயக்காரரும்கூட; புரூக்லாண்ட்ஸ் தடத்தில் 100 மைல் வேகத்தைக் கடந்தவர். ஓர் உறுப்பினரோடு வந்திருந்த பாலிடெக்னிக் படிக்கும் பேத்தி அன்று கேட்ட கேள்விகள், நம் உறுப்பினர்கள் அனைவரும் சேர்ந்து கேட்டதைவிட அதிகம்.

மூன்றாம் உரை, நான் இந்தத் தொடரை எடுத்ததற்கே காரணம். மெர்லினைப் பற்றி உலகம் முழுக்கப் பேசுகிறார்கள். மெட்டியரைப் பற்றி யார் பேசுகிறார்கள்? விமானத்தில் பறந்த அண்ணனுக்கு மாலை. சேற்றில் இறங்கி உழைத்த தம்பிக்கு ஒன்றுமில்லை.

போர் தொடங்கியபோது பிரிட்டிஷ் வேக டாங்கிகளில் ஓடியது லிபர்ட்டி இன்ஜின். அதுவும் விமான இன்ஜின்தான், அதுவும் 27 லிட்டர்தான், ஆனால் 1917இல் அமெரிக்காவில் அவசர அவசரமாக வரைந்தது. அமெரிக்கர் கிறிஸ்டி அதைத் தன் டாங்கியில் வைத்தார். அந்த டாங்கியை வாங்கிய நஃபீல்டு கம்பெனி இன்ஜினையும் பிரிட்டனில் செய்யத் தொடங்கியது. ரஷ்யாவின் பி.டி. (BT) வகை டாங்கிகளின் முதல் இன்ஜினும் இதன் நகல்தான். பிரிட்டனின் குரூசேடர் டாங்கியில் அது தந்தது 340 குதிரைத்திறன். வட ஆப்பிரிக்கப் பாலைவனத்தில் அதன் தண்ணீர் பம்ப்பும் விசிறிச் செயினும் படுத்திய பாட்டைப் படிக்கும்போதே கை எண்ணெயாகிறது.

டெர்பி அருகே பெல்ப்பர் என்ற ஊரில் ரோல்ஸ் ராய்ஸின் கார் ஆட்கள் வேலையில்லாமல் இருந்தார்கள். போர்க்காலத்தில் யார் கார் வாங்குவது? அவர்களின் தலைவர் டபிள்யூ. ஏ. ரோபோத்தம். டாங்கிக்கு இன்ஜின் வேண்டும் என்ற பேச்சு வந்ததும் மெர்லினை எடுத்துப் பார்த்தார். சூப்பர்சார்ஜரைக் கழற்றிவிட்டார். விமானத்தின் புரொப்பெல்லருக்கு வேகம் குறைக்கும் கியரும் வேண்டாம். சுழலும் திசை டாங்கியின் கியர்பாக்ஸுக்கு ஒத்துவராததால் அதைத் திருப்பினார். அடித்துச் செய்த பிஸ்டனுக்குப் பதில் வார்ப்புப் பிஸ்டன். ராணுவ லாரிக்கு ஊற்றும் சாதாரண பெட்ரோலே போதும். சக்தி 600க்கு இறங்கிவிட்டது. டாங்கிக்காரனுக்கு அதுவே லிபர்ட்டியைப்போல் கிட்டத்தட்ட இரண்டு மடங்கு! இதுதான் மெட்டியர். முழுத் திறமையையும் எப்போதும் கசக்கிப் பிழியாத இன்ஜின் நீண்ட நாள் உழைக்கும். விமானப் பரிசோதனையில் தேறாத பாகங்களும் இதற்குத் தேறின. 1941 ஏப்ரலில் ஒரு குரூசேடரில் வைத்து ஓட்டியபோது மணிக்கு 50 மைல் வேகத்தில் போய் வளைவில் திரும்பாமல் ஒரு தந்திக் கம்பத்தைச் சாய்த்தது என்று சொல்வார்கள். கம்பம் நிஜமோ கதையோ, வேகம் நிஜம்.

லேலண்ட் கம்பெனி முதலில் கூட்டுச் சேர்ந்தது. பிறகு, டாங்கியின் குறுகிய வயிற்றுக்குள் இவ்வளவு சூட்டை ஆற்ற முடியாது என்று சந்தேகப்பட்டு விலகிக்கொண்டது. ரோபோத்தம் விடவில்லை. தனக்குப் பணமும் வேண்டும், யாரும் குறுக்கே வரவும் கூடாது என்று அமைச்சர் பீவர்புரூக்கிடம் கேட்டார். 10,00,000 பவுண்டு கடன் வசதி தந்தியில் வந்தது. மெட்டியர், மெரிட்-பிரவுன் கியர்பாக்ஸ் இரண்டும் சேர்ந்த குரோம்வெல் டாங்கி 1944இல் நார்மண்டியில் இறங்கியது. பின்னால் காமெட், அதன் பின்னால் செஞ்சூரியன். 50 டன் செஞ்சூரியனுக்கு மெட்டியர் 650 குதிரைத்திறன் தந்தது. குடிக்கும் அளவும் அதற்கேற்ப. பெட்ரோல் டாங்க்கை நிரப்பினால் சாலையில் சுமார் 100 கிலோமீட்டர்தான். பெட்ரோல் டிரெய்லரைப் பின்னால் இழுத்துக்கொண்டு போன படங்களைக் காட்டினேன். மெட்டியரில் நான்கு சிலிண்டரைக் குறைத்து மெட்டியரைட் என்ற வி8 செய்து தார்னிகிராஃப்ட் ஆன்டார் லாரியில் வைத்தார்கள். டாங்கி படுத்துவிட்டால் ஏற்றிக்கொண்டு போகும் லாரி அது. ஆக டாங்கிக்கும் அதே இரத்தம், ஆம்புலன்ஸுக்கும் அதே இரத்தம்.

இன்னொரு சம்பவம். 1942 கடைசியில் ரோவர் கார் கம்பெனி, ஃபிராங்க் விட்டில் என்பவர் கண்டுபிடித்த ஜெட் இன்ஜினோடும் அந்த விட்டிலோடும் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. ரோல்ஸ் ராய்ஸின் எர்னஸ்ட் ஹைவ்ஸ், ரோவரின் ஸ்பென்சர் வில்க்ஸை கிளிதரோ ஊர் ஓட்டலில் ஐந்து ஷில்லிங் சாப்பாட்டுக்கு உட்கார வைத்து, ஜெட்டை நீ கொடு, நாட்டிங்ஹாமில் இருக்கும் டாங்கி இன்ஜின் ஆலையை நான் தருகிறேன் என்று பேசி முடித்தார். ரோவர் மெட்டியரைச் செய்தது. ரோல்ஸ் ராய்ஸ் ஜெட் உலகத்துக்குப் போனது. ஒரு சாப்பாட்டு மேசையில் இரண்டு கம்பெனிகளின் எதிர்காலம் முடிவானது. நம் செயற்குழுவால் இந்த ஆண்டு ஒரு மைக் செட் வாங்குவதைக்கூட முடிவு செய்ய முடியவில்லை.

இதையெல்லாம் கேட்க அன்று வந்தவர்களுக்கு ஒரே ஒரு வரிசை நாற்காலி போதுமாக இருந்தது. அன்று கிரிக்கெட் இறுதிப் போட்டி என்பது எனக்கும் தெரியும். அரங்கு முன்பதிவு மூன்று மாதத்துக்கு முன்பே செய்தது. போட்டி அட்டவணையை என்னைக் கேட்டுப் போடவில்லை.

நான்காம் உரை விஜயந்தாவைப் பற்றியது. 1965இலிருந்து இதே ஆவடியில் செய்த டாங்கி. அதன் இன்ஜின் லேலண்ட் எல்60. ஆறு சிலிண்டரில் 12 பிஸ்டன், ஒன்றையொன்று எதிர்நோக்கி. மேலே ஒரு கிராங்க்ஷாஃப்ட், கீழே ஒன்று. ஜெர்மனியின் யூங்கர்ஸ் விமான டீசல்களில் ஏற்கெனவே கண்ட அமைப்பு. மெட்டியரின் சூட்டுக்குப் பயந்து விலகிய அதே லேலண்ட் பெயரில் வந்த எல்60, பிரிட்டனின் சீஃப்டன் டாங்கியில் சிலிண்டரின் உள்ளுறையான லைனரின் கோளாறுகளால் படாதபாடு பட்டது. இதை அனுபவத்தோடு பேச நம் சங்கத்திலேயே இரண்டு பேர் இருக்கிறார்கள். இருவரும் ஒப்புக்கொண்டார்கள். அழைப்பிதழில் பெயரும் அச்சானது. ஒருவர் பேரன் காதுகுத்துக்குப் போய்விட்டார். இன்னொருவர் போனையே எடுக்கவில்லை. கடைசியில் நானே பேசினேன். கையால் கழற்றிய ஆள் பேசுவதும் படித்த ஆள் பேசுவதும் ஒன்றாகுமா? அவர்கள் இருவர் மீதும் எனக்கு வருத்தம் இல்லை என்று எழுத வேண்டும் என்று தலைவர் சொன்னார். எழுதிவிட்டேன்.

வரவு செலவு. பொருளாளரின் அறிக்கை தனியே வருகிறது. சுருக்கமாக, செலவு வரவைவிடச் சற்றுக் கூடுதல். அதற்கு அரங்கு வாடகையும் அச்சுச் செலவும் காரணம். டீச் செலவு காரணம் அல்ல, அது என் கைக்காசு. வங்கி இருப்பு கவலைப்படும் அளவுக்கு இல்லை, பெருமைப்படும் அளவுக்கும் இல்லை. தணிக்கை முடிந்தது, சில ரசீதுகள் வரவேண்டும்.

சந்தா நிலுவைப் பட்டியலை அறிவிப்புப் பலகையில் ஒட்டவேண்டாம் என்று செயற்குழு பெருந்தன்மையோடு முடிவெடுத்தது. அதனால் பெயர் சொல்லவில்லை. ஒன்று மட்டும். 1940இன் போரில் டிஃபையன்ட் விமானங்களை ஓட்டிய, பிரிட்டிஷ் விமானப் படையின் 264ஆம் ஸ்குவாட்ரனுக்கு ‘மெட்ராஸ் பிரசிடென்சி’ என்று பெயர். அந்த விமானங்களில் இருந்ததும் மெர்லின்தான். 234ஆம் ஸ்குவாட்ரனுக்கும் அதே பெயர். சென்னை மாகாணத்தில் வசூலான நன்கொடைப் பணம் அந்தப் பெயரை வாங்கித் தந்தது. கொடுத்தவர்கள் எல்லோரும் மனமுவந்துதான் கொடுத்தார்களா என்பது வேறு கேள்வி. ஆனால் யாரோ ஒருவருடைய போர் விமானத்துக்கே ஸ்குவாட்ரன் பெயர் வாங்கும் அளவுக்குப் பணம் போன ஊர் இது. நம் ஆண்டுச் சந்தா ஒரு குடும்பம் ஒரு வேளை ஓட்டலில் சாப்பிடும் காசுகூட இல்லை.

நன்றி: தலைவருக்கு, துணைத் தலைவர்களுக்கு, பொருளாளருக்கு, புரொஜெக்டர் இரவல் கொடுத்த உறுப்பினருக்கு (வயரைத் திருப்பித் தந்துவிட்டோம்), அரங்குக் காவலாளிக்கு, எல்லா உரைக்கும் தவறாமல் வந்த அந்தச் சிலருக்கு.

வரும் ஆண்டு. நேப்பியர் சேபர், பிரிஸ்டல் ஹெர்குலிஸ் ஆகிய, பிஸ்டனைச் சுற்றிய உறையே வால்வாக வேலை செய்யும் உறைவால்வு இன்ஜின்களைப் பற்றி ஒரு தொடர் மனத்தில் இருக்கிறது. மெர்லின் செய்ய மறுத்த ஃபோர்டு, தானே வரையத் தொடங்கிய வி12 விமான இன்ஜின் கடைசியில் ஷெர்மன் டாங்கியின் வி8 ஆன கதையையும் சேர்க்கலாம். ‘டி-72 டாங்கி பற்றி வையுங்கள்’ என்றும் ஒரு கோரிக்கை வந்தது. கேட்டவர் பேச முன்வந்தால் முதல் ஞாயிறே அவருக்கு.

செயலாளர் பொறுப்பில் நான் தொடர வேண்டும் என்று எனக்குப் பிடிவாதம் இல்லை. இளையவர் யாராவது வந்தால் ரசீதுப் புத்தகம், முத்திரை, பீரோச் சாவி மூன்றையும் இன்றே கொடுத்துவிடுவேன். யாரும் முன்வராவிட்டால், வேறு வழியில்லை, நானே இருக்கிறேன். அப்படியானால் அரங்கு முன்பணத்தை இந்த மாதம் 25ஆம் தேதிக்குள் கட்டியாக வேண்டும். பொருளாளர் வாசலருகே மேசை போட்டு உட்கார்ந்திருக்கிறார். சில்லறை இல்லாதவர்களுக்கு ஜிபே வசதியும் உண்டு.

இப்படிக்கு,
செயலாளர்