காலாவதியான சட்டத்தைக் காட்டும் பக்கங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சமூக ஊடகத்தில் ஒருவர் தொடர்ந்து இழிவுபடுத்தப்படும்போதும், அனுமதியின்றி அவரது படம் பரப்பப்படும்போதும், பாதிக்கப்பட்டவரோ பெற்றோரோ வழக்கறிஞரை அணுகுவதற்கு முன் கைப்பேசியை எடுத்து, இதற்கு என்ன சட்டம் இருக்கிறது என்று தேடிப் பார்ப்பதே இன்றைய வழக்கம். தேடலில் முதலில் வரும் பக்கத்தை அவர்கள் எந்த அளவுக்கு நம்பலாம் என்பது பற்றி எழுத விரும்புகிறேன்.

எழுதியவர் யார், மொழி பிழையின்றி இருக்கிறதா, சான்று காட்டப்பட்டிருக்கிறதா என்று பார்க்கும்படி பொதுவாக அறிவுறுத்துகிறார்கள். அது தவறன்று. ஆனால், சட்டத்தைப் பற்றிய பக்கத்துக்கு அது போதாது. தகுதியுள்ள ஒருவர் நேர்மையாக, சரியான பிரிவு எண்ணோடு எழுதிய கட்டுரையும், நீதிமன்றம் ஒரு தீர்ப்பு வழங்கிய மறுகணமே பொய்யாகிவிடக்கூடும். எழுத்து மட்டும் திரையில் அப்படியே நிற்கும்.

தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவையே எடுத்துக்கொள்வோம். புண்படுத்தும் செய்திகளை மின்வழியில் அனுப்பினால் மூன்றாண்டு வரை சிறை என்று கூறிய அந்தப் பிரிவை, ஷ்ரேயா சிங்கால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015 மார்ச் 24 அன்று முழுமையாகச் செல்லாததாக்கியது. அதற்குப் பின்னரும் காவல் நிலையங்களில் அதே பிரிவின் கீழ் வழக்குகள் பதிவாகிவந்ததை அறிந்து, 2021இல் அந்த நீதிமன்றமே அதிர்ச்சி தெரிவித்தது. சட்ட நூல்களில் பிரிவு அப்படியே அச்சாகிறது, ரத்தான செய்தி அடிக்குறிப்பில்தான் இருக்கிறது என்பது அப்போது ஒன்றிய அரசின் தலைமை வழக்கறிஞரான அட்டர்னி ஜெனரல் அளித்த விளக்கம். இனி யார் மீதும் இப்பிரிவின் கீழ் வழக்கு நடத்தக் கூடாது என்று 2022 அக்டோபரில் மீண்டும் ஓர் உத்தரவு பிறப்பிக்க வேண்டியிருந்தது. சட்டத்தை நடைமுறைப்படுத்துவோரையே ஓர் அடிக்குறிப்பு ஏமாற்றியிருக்கிறது என்றால், அந்த அடிக்குறிப்புகூட இல்லாத இணையப்பக்கத்தைப் படிக்கும் சாதாரண வாசகரைக் குறைசொல்ல முடியாது.

2024 ஜூலை 1 முதல் இந்தச் சிக்கல் இன்னும் பெரிதாகியிருக்கிறது. இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டதால், இணையவழிப் பின்தொடர்தலையும் உள்ளடக்கிய பழைய 354டி பிரிவு இப்போது 78ஆம் பிரிவாக இருக்கிறது. அந்தத் தேதிக்கு முன் நடந்த குற்றத்துக்குப் பழைய சட்டமும், பின் நடந்ததற்குப் புதியதும் பொருந்தும். எனவே இரண்டில் எதைச் சொல்கிறோம் என்று தெளிவுபடுத்தாமல் வெறும் பிரிவு எண்களை அடுக்கும் பக்கத்தை நான் சந்தேகத்துடனேயே படிப்பேன்.

இது நம் நாட்டுக்கு மட்டும் உரிய குழப்பமும் அன்று. அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் மாவட்டம் போன்ற ஆட்சிப்பகுதியான ஆல்பனி கவுண்டி இயற்றிய இணையவழித் துன்புறுத்தல் சட்டத்தை 2014இல் அம்மாநிலத்தின் மிக உயர்ந்த நீதிமன்றம் ரத்து செய்தது. கனடாவின் நோவா ஸ்கோஷியா மாகாணம் 2013இல் கொண்டுவந்த சட்டமும் 2015 டிசம்பரில் நீதிமன்றத்தில் வீழ்ந்தது. பேச்சுரிமையோடு மோதுவதால் இவ்வகைச் சட்டங்கள் அடிக்கடி ஆட்டம் காண்கின்றன. ஆகவே பக்கம் கடைசியாக எப்போது திருத்தப்பட்டது என்பதுதான் நான் முதலில் தேடும் விவரம். எந்த நாட்டின் சட்டம் என்பது அடுத்தது. அமெரிக்காவில் இதற்கான விதிகள் பெரும்பாலும் மாநிலத்துக்கு மாநிலம் மாறும். 'அமெரிக்கச் சட்டம் இப்படிச் சொல்கிறது' என்று பொத்தாம்பொதுவாகத் தொடங்கும் பக்கம் அந்த வரியிலேயே தன் தரத்தைக் காட்டிவிடுகிறது.

பக்கத்தை நடத்துபவரின் நோக்கத்தையும் பார்க்க வேண்டும். பிள்ளைகளின் கைப்பேசியைக் கண்காணிக்கும் செயலியை விற்கும் நிறுவனம் சட்டத்தைப் பற்றி எழுதினால், அச்சம் சற்றுக் கூடுதலாகவே இருக்கும். பத்துத் தளங்கள் ஒன்றையே சொல்கின்றன என்பதும் சான்றாகாது; பத்தும் ஒரே மூலத்திலிருந்து நகலெடுத்தவையாக இருக்கலாம். செயற்கை நுண்ணறிவுச் செயலிகளோ சில நேரம் இல்லாத தீர்ப்பையே உருவாக்கித் தரும். அப்படிப்பட்ட தீர்ப்புகளை மேற்கோள் காட்டியதற்காக 2023இல் நியூயார்க் வழக்கறிஞர்களுக்கு 5,000 டாலர் அபராதம் விதிக்கப்பட்டது. எங்கே படித்திருந்தாலும், அந்தப் பிரிவைச் சட்டங்களின் மூலவாசகத்தை வெளியிடும் அரசின் 'இந்தியா கோட்' தளத்தில் அடிக்குறிப்போடு சேர்த்து ஒருமுறை வாசித்துவிடுவதே பாதுகாப்பு. சட்டத்தமிழும் சட்ட ஆங்கிலமும் எளிதில் பிடிபடாதவைதாம், என்றாலும் பிரிவு நடப்பில் இருக்கிறதா என்பதை அறிய அந்த வாசிப்பு பெரிதும் உதவும்.

இதில் நாளிதழ்களுக்கும் ஒரு பங்கு உண்டு. 2015க்கு முன் இதழ்கள் 66ஏ பற்றி எழுதிய செய்திகளும் விளக்கங்களும் பல, அவற்றின் இணையப் பதிப்புகளில் இன்றும் தேடலுக்குக் கிடைக்கக்கூடும். அவற்றை நீக்க வேண்டியதில்லை. அவை வரலாற்று ஆவணங்கள். ஆனால் அத்தகைய கட்டுரைகளின் தலைப்புக்குக் கீழேயே, இப்பிரிவு செல்லாது என அறிவிக்கப்பட்டுவிட்டது என்ற ஒற்றை வரியைத் தீர்ப்பின் தேதியோடு சேர்க்குமாறும், இனி சட்டம் குறித்து வெளியிடும் கட்டுரைகளில் அது எந்த நாள்வரையிலான நிலை என்பதைக் குறிப்பிடுமாறும் தங்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்