சொரோயாவின் இன்னொரு கடற்கரை

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஸ்பானிய ஓவியர் ஹோவகீன் சொரோயா பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். படங்களின் அச்சு அருமை. ஆனால் போட்ட நாலு படத்திலும் வெயில், கடல், வெள்ளை உடுப்புப் பெண்கள், ஈர மணலில் குப்புறப் படுத்த சிறுவர்கள். மனிதர் வாழ்நாள் முழுக்கக் கடற்கரையில் குடை நட்டு உட்கார்ந்திருந்தார் என்றுதான் படிப்பவர்கள் நினைப்பார்கள்.

1890களில் அவர் வரைந்தவை வேறு மாதிரி. 1892இல் வந்த 'இன்னொரு மார்கரீத்தா'வில், ரயிலின் மூன்றாம் வகுப்புப் பெட்டியில் கைவிலங்குடன் ஒரு பெண் தலைகுனிந்து உட்கார்ந்திருக்கிறாள். பெற்ற பிள்ளையைக் கொன்றதாகக் குற்றச்சாட்டு, காவலுக்கு இருவர். இரண்டு வருடம் கழித்து ஒரு மீன்பிடிப் படகின் உட்புறம். அடிபட்டு நினைவிழந்து கிடக்கும் இளைஞனை இரண்டு கிழவர்கள் தாங்கிப் பிடித்துக் காயத்தைக் கவனிக்கிறார்கள், பின்னால் அன்று பிடித்த மீன் குவிந்திருக்கிறது. படத்தின் பெயர்: 'மீன் விலை அதிகமென்று இன்னுமா சொல்கிறார்கள்!' சந்தையில் பேரம் பேசிவிட்டு வருகிற யாருக்கும் சுருக்கென்று உறைக்கும். மாட்ரிடின் பிராடோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

சரி, நான் எழுத வந்தது 1899இல் வரைந்த 'சோகமான பரம்பரைச் சொத்து' பற்றி. வாலென்சியாவின் கபன்யால் கடற்கரை. கறுப்பு அங்கி அணிந்த ஒரு துறவி, மருத்துவமனைப் பிள்ளைகளைக் குளிக்க அழைத்து வந்திருக்கிறார். உடம்பில் துணியில்லாத, நோயில் மெலிந்த சிறுவர்கள். நடுவில் ஊன்றுகோலுடன் ஒருவன். துறவி அவனைத் தாங்கிக்கொள்கிறார். சொரோயாவே இரண்டு வயதில் பெற்றோரைக் காலராவுக்குப் பறிகொடுத்துச் சித்தி வீட்டில் வளர்ந்தவர். அந்தப் பையன்களை அவர் வெளியிலிருந்து வேடிக்கை பார்க்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

உங்கள் கட்டுரையாளர் பெரிய படமாகப் போட்ட ஈர மணல் சிறுவர்கள் 1909ஆம் வருடத்துப் படம். அதுவும் வாலென்சியா கடற்கரைதான். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நனைந்த தோலில் வெளிச்சம் வழுக்குகிற வித்தையை, நோயாளிப் பிள்ளைகளின் உடம்பில்தான் அவர் முதலில் இவ்வளவு கவனமாகப் பார்த்திருக்கிறார். ஒளி ஓவியர் வேறு, சோக ஓவியர் வேறு என்று பிரிக்க முடியாது.

ஒரு குறை மட்டும் உண்டு. அந்தத் தலைப்பு. முதலில் அவர் வைத்த பெயர் 'இன்பத்தின் பிள்ளைகள்'. இப்போதுள்ள பெயரைச் சொன்னவர் அவருடைய நண்பர், எழுத்தாளர் பிளாஸ்கோ இபான்யெஸ். இரண்டுமே பழியைப் பெற்றோரின் ஒழுக்கத்தில் போடுகின்றன. எனக்குச் சிறு வயதில் இளம்பிள்ளை வாதம் வந்தது, இடது கால் இன்றும் சூம்பித்தான் இருக்கிறது. "என்ன பாவம் செய்தாயோ" என்று என் அம்மாவிடம் கேட்டவர்கள் உண்டு. அந்த நோய் ஒரு வைரஸால் வருகிறது என்று வியன்னாவில் லாண்ட்ஸ்டைனரும் பாப்பரும் காட்டியதே 1908இல்தான். அதனால் ஓவியரை மன்னித்துவிடலாம். தூரிகை தலைப்பின் பேச்சைக் கேட்கவுமில்லை. படத்தில் எந்தப் பையனும் குற்றவாளியாகத் தெரியவில்லை.

1900இல் பாரிஸ் உலகக் கண்காட்சியில் இந்தப் படத்துக்குத்தான் உயரிய பரிசு கிடைத்தது. அதன்பிறகு இப்படி ஒன்றை அவர் தொடவில்லை. வரையும்போது பட்ட வேதனை போதும் என்றாராம். 1909இல் நியூயார்க்கில் நடந்த அவருடைய கண்காட்சிக்கு ஒரே மாதத்தில் ஏறக்குறைய 1,60,000 பேர் வந்து பார்த்தது வெயில் சொரோயாவைத்தான்.

அடுத்த இதழில் அந்தப் படத்துக்கு அரைப்பக்கம் ஒதுக்க முடியுமா? தயவுசெய்து கறுப்பு வெள்ளையில் வேண்டாம், கடலின் நீலம் போய்விட்டால் அந்தப் பையன்கள் எதற்காக வந்தார்கள் என்றே தெரியாது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியர்,
கும்பகோணம்